ஓர் இரவில் பறிபோன ஓராண்டு

(அரசு ஊழியர்களும் ஓய்வு பெற்றோரும் கூடியிருந்த அவையில் ஆற்றிய உரை)

   

பதவி உயர்வு, ஊதிய உயர்வு தொடர்பான வழக்குகளைப் பற்றிப் பேசுமாறு பணித்திருக்கிறீர்கள். பெருங்கடல் போன்ற பொருள் அது. பணிமூப்புப் பட்டியலிலே தொடங்கிப் பணிக்கொடைக் கணக்கிலே முடியும் வரையில், வழக்குக்கு இடம் வைக்காத பக்கம் ஒன்றுகூட ஓர் ஊழியரின் பணிப்பதிவேட்டில் இல்லை என்று சொல்லிவிடலாம். அத்தனையும் அளந்து காட்ட ஒரு மாலைப்பொழுது போதாது. ஆகவே, ஒரே ஓர் ஊதிய உயர்வை மட்டும் எடுத்துக்கொண்டு வந்திருக்கிறேன். ஆண்டுக்கு ஒரு முறை வருவது. அலுவலகத்தில் 'இன்கிரிமெண்ட்' என்று வழங்குகிறோமே, அது. ஏறத்தாழ நூற்றுக்கு மூன்று. அந்த மூன்றுக்காக முதியவர்கள் எத்தனை நீதிமன்றப் படிகளை ஏறினார்கள், எத்தனை ஆண்டு ஏறினார்கள், ஏறியவர் பெற்றது என்ன, ஏறாதவர் இழந்தது என்ன என்பதைச் சொன்னாலே, மற்ற வழக்குகளின் கதையும் விளங்கிவிடும்.

ஆறாவது ஊதியக் குழுவின் பரிந்துரையை ஏற்றுக்கொண்ட மத்திய அரசு, 2008ஆம் ஆண்டில் புதிய ஊதிய விதிகளை வகுத்தது. அதற்கு முன்பு, எவர் எந்த மாதத்தில் பணியிற் சேர்ந்தாரோ அந்த மாதத்தையொட்டி அவருக்கு ஆண்டு உயர்வு வந்துகொண்டிருந்தது. கணக்கெழுதுவோருக்குத் தொல்லை என்று கருதி, எல்லோருக்கும் ஒரே நாள், ஜூலை 1 என்று மாற்றினார்கள். எளிமை நல்லதுதானே! நாமும் வரவேற்றோம். ஆனால் ஓய்வு பெறும் விதி வேறொன்று இருக்கிறது. அறுபது வயது நிறையும் மாதத்தின் கடைசி நாள் பிற்பகலில் ஊழியர் ஓய்வு பெறுகிறார். ஜூன் மாதத்தில் வயது நிறைந்தவர் ஜூன் 30 மாலையில் மாலையும் சால்வையும் பெற்றுக்கொண்டு வீடு திரும்புகிறார். விடிந்தால் ஜூலை 1. அன்று அலுவலகத்தில் எல்லோருக்கும் ஊதிய உயர்வு. அவருக்கு மட்டும் இல்லை!

அவர் உழைத்தது எத்தனை மாதம்? முந்தைய ஜூலை முதல் நாளிலிருந்து இந்த ஜூன் முப்பது வரையில், ஒரு நாள் குறையாமல் பன்னிரண்டு மாதம். அதே விதியின்படி, ஜனவரி முதல் நாள் புதிதாகப் பணியிற் சேர்ந்த இளைஞருக்கு ஆறு மாதம் முடிந்ததுமே ஜூலையில் உயர்வு உண்டு. ஆறு மாதம் உழைத்தவருக்கு உண்டு. பன்னிரண்டு மாதம் உழைத்தவருக்கு இல்லை! இளைஞருக்குக் கிடைப்பதை நான் குறை கூறவில்லை. கொடுக்கட்டும். முதியவர் செய்த குற்றம் என்ன என்பதுதான் கேள்வி.

செய்த குற்றம் ஜூனில் பிறந்தது! அதிலும் ஒரு வேடிக்கை உண்டு. நம் வீடுகளிலே பாட்டன், தந்தை ஆகியோரின் பள்ளிச் சான்றிதழை எடுத்துப் பாருங்கள். ஜூன் மாதத்தில் பிறந்தவர்கள் எவ்வளவு பேர் என்று எண்ணிப் பாருங்கள். இயற்கை ஜூன் மாதத்துக்கென்று தனியாகப் பிள்ளைகளைப் படைக்கவில்லை. பள்ளி திறக்கும் மாதம் ஜூன். பிறந்த நாளை ஏட்டில் குறித்து வைக்க எழுத்தறியாத தந்தை, பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு பள்ளிக்கூட வாசலில் வந்து நிற்பார். 'பிறந்த தேதி என்ன?' என்று கேட்பார் தலைமையாசிரியர். 'பெருமழை பெய்து ஏரி உடைந்ததே, அந்த ஆண்டுங்க ஐயா' என்பார் தந்தை. ஆசிரியர் பையனை அழைத்து, வலக்கையைத் தலைக்கு மேலாக வளைத்து இடது காதைத் தொடச் சொல்வார். தொட்டுவிட்டால் ஐந்து வயது நிறைந்துவிட்டது! ஐந்தாண்டுகளைக் கழித்து ஜூன் மாதத்தில் ஒரு தேதியைப் போட்டுப் பதிவேட்டில் எழுதிவிடுவார். பிள்ளை படிக்க வேண்டுமென்ற நல்லெண்ணத்தோடு அவர் எழுதிய தேதி அது. ஜூன் 2 முதல் ஜூலை 1 வரையில் எந்தத் தேதி விழுந்தாலும், விதிப்படி ஓய்வு பெறும் நாள் ஜூன் 30. ஐம்பத்தைந்து ஆண்டுக்குப் பிறகு அந்தத் தேதி ஓர் ஊதிய உயர்வை விழுங்கும் என்று ஆசிரியருக்கும் தெரியாது. காதைத் தொட்ட பையனுக்கும் தெரியாது. முதன்முதலாகப் பள்ளிக்குப் பிள்ளையை அனுப்பிய குடும்பங்களிலிருந்து வந்தவர்கள்தாம் இதிலே மிகுதியாக மாட்டிக்கொண்டிருப்பார்கள் என்று நான் கருதுகிறேன்.

'ஒரே ஓர் உயர்வுதானே! முப்பது ஆண்டு வாங்கியவருக்கு இது பெரிதா?' என்று கேட்பவர்கள் உண்டு. கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஏழாவது ஊதியக் குழுவின் அட்டவணையில் 60,400 ரூபாய்க்கு அடுத்த படி 62,200. வித்தியாசம் 1,800. ஓய்வூதியம் கடைசி ஊதியத்தில் பாதி. ஆகவே மாதம் 900 ரூபாய் குறைகிறது. அதன்மேல் வரவேண்டிய அகவிலைப்படியும் குறைகிறது. ஊதியத்தில் இருப்பவருக்கு இந்த ஆண்டு விட்டது அடுத்த ஆண்டு வரும். ஓய்வு பெற்றவருக்கு அடுத்த ஆண்டு ஏது? அவர் உள்ளளவும் குறைகிறது. அவருக்குப் பின் மனைவிக்கு வரும் குடும்ப ஓய்வூதியத்திலும் குறைகிறது. அரசின் கருவூலத்துக்கு 900 ரூபாய் தூசு. மருந்துக் கடைக்குப் போய்வரும் எழுபது வயதுக்காரருக்கு அது மாத்திரைச் செலவு.

இனி வழக்குக்கு வருகிறேன். சென்னையிலே சுங்கம், கலால் துறையில் கூடுதல் தலைமை இயக்குநராக இருந்த அதிகாரி ஒருவர் 2013ஆம் ஆண்டு ஜூன் 30 அன்று ஓய்வு பெற்றார். அய்யம்பெருமாள் வழக்கு என்று இன்று இந்தியாவெங்கும் வழக்கறிஞர்கள் எடுத்துக்காட்டும் வழக்கு அவருடையதுதான். 'ஓராண்டு முழுதும் உழைத்திருக்கிறேன், அதற்குரிய உயர்வைக் கணக்கிட்டு ஓய்வூதியத்தை நிர்ணயியுங்கள்' என்று கேட்டார். மறுத்தார்கள். மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னைக் கிளையை நாடினார். 2017 மார்ச்சில் அங்கும் மனு தள்ளுபடியாயிற்று.

தீர்ப்பாயம் என்றேனே, அதைப் பற்றி ஒரு சொல். அரசு ஊழியரின் வழக்குகள் உயர்நீதிமன்றங்களில் ஆண்டுக்கணக்கில் தேங்குகின்றன, விரைவாகவும் குறைந்த செலவிலும் தீர்க்க வேண்டும் என்று சொல்லித்தான் 1985ஆம் ஆண்டு சட்டத்தால் அதனை அமைத்தார்கள். 1997இல் உச்சநீதிமன்றம், தீர்ப்பாயத்தின் முடிவை உயர்நீதிமன்றம் ஆராயலாம் என்று தீர்ப்பளித்தது. நீதிக்கு அது நல்லது, மறுக்கவில்லை. ஆனால் விளைவு என்ன? முன்பு இரண்டு படி. இப்போது மூன்று படி. ஊழியர் வென்றால் அரசு அடுத்த படிக்கு இழுக்கிறது. அரசுக்குச் சம்பளம் கொடுத்து வைத்த வழக்கறிஞர்கள் இருக்கிறார்கள். ஊழியருக்குச் சேமநிதிதான் இருக்கிறது.

மீண்டும் வழக்குக்கு வருவோம். அரசின் வாதத்தை நேர்மையோடு எடுத்துச் சொல்ல வேண்டும். 'உயர்வு வழங்கப்படும் நாள் ஜூலை 1. அன்று அவர் அரசு ஊழியர் அல்லர், ஓய்வூதியர். ஓய்வூதியருக்கு ஏது ஊதிய உயர்வு?' சொல்லை மட்டும் பார்த்தால் மறுக்க முடியாத வாதம்போலத்தான் தோன்றும். 2005இல் ஆந்திர உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வே அதை ஏற்றுக்கொண்டிருந்தது. ஆனால் சென்னை உயர்நீதிமன்றம் சொல்லோடு நிற்கவில்லை. உயர்வு எதற்காகக் கொடுக்கப்படுகிறது? அடுத்த ஆண்டு உழைக்கப் போவதற்காகவா? இல்லை, கடந்த ஆண்டு ஒழுங்காக உழைத்து முடித்ததற்காக. உழைப்பு ஜூன் 30 மாலையில் நிறைவு பெற்றுவிட்டது. ஜூலை 1 என்பது கணக்கில் வரவு வைக்கும் நாள். ஈட்டிய நாள் அன்று. 2017 செப்டம்பர் 15 அன்று, ஓய்வூதியக் கணக்குக்காக மட்டும் கருத்தியலாக ஓர் உயர்வைச் சேர்க்க வேண்டும் என்று தீர்ப்பளித்தது.

இது அந்த நீதிமன்றத்துக்குப் புதிய எண்ணமும் அன்று. 2002 ஏப்ரல் 1 முதல் 2003 மார்ச் 31 வரையில் ஓராண்டை முடித்து ஓய்வு பெற்ற மாநில அரசு ஊழியர் ஒருவரின் வழக்கில், 2012 செப்டம்பரிலேயே இதே கருத்தைச் சொல்லியிருந்தது. 2014 டிசம்பர் 31 அன்று தமிழ்நாட்டு நிதித்துறை அரசாணை 311இன் மூலம் அந்த நியாயத்தை மாநில ஊழியர் அனைவருக்கும் வழங்கிற்று. ஓய்வு பெற்ற மறுநாள் உயர்வு வரவேண்டியிருந்தால், ஓய்வூதியக் கணக்குக்கு அந்த உயர்வைச் சேர்த்துக்கொள் என்று ஆணை. ஒருவர் வென்றார், ஊருக்கெல்லாம் ஆணை பிறந்தது. இப்படியல்லவா இருக்க வேண்டும்! நம் மாநிலம் என்பதற்காகக் குறையை மறைக்கவும் வேண்டாம்: ஆணை பிறந்த நாளுக்கு முன்னரே ஓய்வு பெற்றுவிட்டவர்கள், 'எங்கள் கதி என்ன?' என்று மறுபடியும் உயர்நீதிமன்றத்துக்கு நடக்க நேர்ந்தது. தேதி என்னும் கத்தி எல்லா அரசு அலுவலகங்களின் மேசையிலும் இருக்கிறது.

மத்திய அரசு என்ன செய்தது? உச்சநீதிமன்றம் சென்றது. 2018 ஜூலை 23 அன்று மனு தள்ளுபடி. சீராய்வு கேட்டது. 2019 ஆகஸ்டு 8 அன்று அதுவும் தள்ளுபடி. ஆக, ஓய்வு பெற்று ஆறாண்டு கழித்து அந்த அதிகாரிக்கு ஓர் ஊதிய உயர்வு உறுதியாயிற்று. உயர்ந்த பதவியிலிருந்தவர், சட்டம் அறிந்தவர், அவருக்கே ஆறாண்டு! தபால் நிலையத்திலே எழுத்தராக இருந்து ஓய்வு பெற்று, உள்ளூரோடு போய்விட்ட ஒருவரின் நிலையை எண்ணிப் பாருங்கள்.

அவரைப் போன்றவர்கள் தீர்ப்பை நாளிதழில் படித்தார்கள். மகிழ்ந்தார்கள். தங்கள் துறைக்கு மனு எழுதினார்கள். பதில் வந்தது. என்ன பதில் தெரியுமா? 'அந்தத் தீர்ப்பு அந்த ஒருவருக்கு மட்டுமே பொருந்தும்!' விதி எல்லோருக்கும் ஒன்று. விதிக்கு நீதிமன்றம் சொன்ன பொருள் மட்டும் ஒருவருக்குச் சொந்தமாம்! மூட்டையில் கல் கலந்திருக்கிறதென்று ஒருவர் முறையிட்டு, ஆராய்ந்து பார்த்துக் கல்லிருப்பது மெய்தான் என்று முடிவாகிறது. 'முறையிட்டவருக்கு மட்டும் நல்ல அரிசி. மற்றவர்கள் கல்லையே தின்னுங்கள்' என்று கடைக்காரர் சொன்னால் விடுவோமா?

விட்டுவிடாதவர்கள் டெல்லியில், அலகாபாத்தில், குஜராத்தில், ஒடிசாவில், மத்தியப் பிரதேசத்தில் வழக்காடினார்கள், வென்றார்கள். கேரளத்திலும் இமாசலப் பிரதேசத்திலும் வழக்காடியவர்கள் தோற்றார்கள். ஒரே அரசு, ஒரே விதி. ஒரு மாநிலத்தில் உரிமை, அடுத்த மாநிலத்தில் இல்லை! கடைசியில் கர்நாடக மின் பரிமாற்றக் கழகத்து ஊழியர்களின் வழக்கில், 2023 ஏப்ரல் 11 அன்று, நீதிபதிகள் எம்.ஆர். ஷா, சி.டி. ரவிக்குமார் ஆகியோர் அடங்கிய உச்சநீதிமன்ற அமர்வு ஐயத்துக்கிடமின்றித் தீர்த்து வைத்தது. ஓராண்டு நன்னடத்தையோடு உழைத்து ஈட்டிய உயர்வை, மறுநாள் பணியில் இல்லை என்ற காரணத்தைக் காட்டி மறுப்பது தகாது என்றது. ஆந்திரத் தீர்ப்பையும், அதன் வழிச் சென்ற தீர்ப்புகளையும் ஏற்கவில்லை.

கதை இங்கே முடிந்திருந்தால் நான் இவ்வளவு தூரம் வந்து பேசியிருக்க மாட்டேன். வேதனையான பகுதி இனிமேல்தான் வருகிறது.

தீர்ப்பு வந்ததும் விண்ணப்பங்கள் குவிந்தன. மத்திய அரசு மீண்டும் உச்சநீதிமன்றத்தின் முன் நின்று தெளிவு கேட்டது. 2024 செப்டம்பர் 6 அன்று இடைக்கால ஆணையும், 2025 பிப்ரவரி 20 அன்று இறுதி ஆணையும் பிறந்தன. அதன் சாரம் இது. ஏற்கெனவே வழக்குப் போட்டு இறுதியாக வென்றவர்களுக்கு, அவரவர் தீர்ப்பின்படி கொடுக்க வேண்டும். 2023 மே மாதம் 19ஆம் நாளுக்கு முன் வழக்குத் தொடுத்து முடிவுக்குக் காத்திருந்தவர்களுக்கு, வழக்குத் தொடுத்த மாதத்துக்கு முந்தைய மூன்றாண்டு வரையில் நிலுவை உண்டு. வழக்கே போடாதவர்களுக்கு? 2023 மே 1 முதல் உயர்த்திய ஓய்வூதியம். அதற்கு முந்தைய காலத்துக்கு ஒரு காசும் இல்லை.

மாதம் 900 ரூபாய் இழந்தவர் என்றேனே, அவர் 2018 ஜூன் 30 அன்று ஓய்வு பெற்றவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். 2018 ஜூலை முதல் 2023 ஏப்ரல் வரை 58 மாதம். 52,200 ரூபாய், அகவிலைப்படி தனி. அவருக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து, அவரோடு அதே நாளில் ஓய்வு பெற்று, வழக்குப் போட்டு வென்ற நண்பருக்கு அந்தத் தொகை கிடைக்கிறது. இவருக்கு இல்லை. இருவருக்கும் இடையிலே உழைப்பில் வேற்றுமையா? ஒழுக்கத்தில் வேற்றுமையா? ஒருவர் வக்கீல் கட்டணம் கொடுக்க முடிந்தவர். மற்றவர், 'அரசு தானாகவே செய்யும்' என்று நம்பியவர். நம்பியவருக்கு அபராதம்!

நீதிமன்றத்தைப் பழிக்க நான் வரவில்லை. காலம் கடந்து வந்து பழைய நிலுவை முழுவதையும் கேட்டால் வரம்பு வேண்டாமா என்ற எண்ணம் நீதிபதிகளுக்கு எழுவது இயல்பு. 2014ஆம் ஆண்டில் உத்தரப் பிரதேச அரசு வழக்கொன்றில் உச்சநீதிமன்றமே இரண்டு பக்கத்தையும் சொல்லியிருக்கிறது. ஒரே நிலையில் உள்ள ஊழியர்களில் சிலருக்கு நீதிமன்றம் கொடுத்த பயனை மற்றவர்களுக்கும் கொடுப்பதே பொது விதி. கொடுக்காவிட்டால் அது பாகுபாடு. ஆனால், மதில்மேல் பூனையாக இருந்து, வழக்காடியவர் வென்ற பிறகு விழித்துக்கொண்டு வருகிறவருக்கு அந்தப் பயன் கிடைக்காமற் போகலாம்; தீர்ப்பு எல்லோருக்குமானதாக இருந்தால் அப்போது அரசே முன்வந்து கொடுக்கக் கடமைப்பட்டது. இதுதான் அங்கே கூறப்பட்டது.

எனக்குக் கசப்பெல்லாம் அரசின் மீதுதான். 2018 ஜூலையில் உச்சநீதிமன்றம் மனுவைத் தள்ளிய மறுநாள், ஒரு பக்க ஆணை போதும், அனைவருக்கும் கிடைத்திருக்கும். மூன்றாண்டா, ஓராண்டா, மே மாதமா, ஏப்ரல் மாதமா என்று வரம்பு வகுக்கும் வேலையே எழுந்திராது. போடாத அந்த ஒரு பக்கத்துக்காக எத்தனை ஆயிரம் பக்க மனுக்கள்! 2010ஆம் ஆண்டில் மத்தியச் சட்ட அமைச்சகமே தேசிய வழக்காடல் கொள்கை என்று ஒன்றை வெளியிட்டது. அரசு பொறுப்புள்ள வழக்காடியாக விளங்க வேண்டும், தனி ஊழியரின் குறை தொடர்பான வழக்குகளில் மேல்முறையீட்டுக்கு ஓடக்கூடாது என்றெல்லாம் அழகாக எழுதியிருந்தது. எழுதிய மை உலர்ந்தது, பழக்கம் உலரவில்லை.

பெரியவர்களுக்கு நினைவிருக்கும், 1982 டிசம்பர் 17. நகாரா வழக்கிலே ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு, ஓய்வூதியம் அரசு மனமிரங்கிப் போடும் பிச்சையன்று, உழைத்து ஈட்டிய உரிமை என்று நிலைநாட்டிற்று. அந்த வழக்கு எதைப் பற்றியது? தேதியைப் பற்றியதுதான்! 1979 மார்ச் 31 அன்றும் அதன் பின்னும் ஓய்வு பெற்றவருக்குப் புதிய கணக்கு, முன்பு ஓய்வு பெற்றவருக்குப் பழைய கணக்கு என்று பிரித்திருந்தார்கள். ஒரே இனத்தாரை ஒரு தேதியால் இரு கூறாக வெட்டுவது சமத்துவத்துக்கு முரண் என்றது நீதிமன்றம். அந்த நாளை இன்றும் ஓய்வூதியர் நாள் என்று கொண்டாடுகிறோம், மாலை போடுகிறோம். நாற்பதாண்டுக்குப் பிறகு ஓய்வூதியர்களை மீண்டும் ஒரு தேதி பிரிக்கிறது; இம்முறை, நீதிமன்றத்துக்குச் சென்ற தேதி.

பதவி உயர்விலும் இதே நோய்தான். துறை விசாரணை நிலுவையில் இருக்கிறதென்று ஒருவரின் பதவி உயர்வு முடிவை உறையிலிட்டு முத்திரை வைத்துவிடுவார்கள். விசாரணை பத்தாண்டு நடக்கும், இளையவர்கள் மேலதிகாரிகளாவார்கள், கடைசியில் குற்றமற்றவர் என்று முடிவாகும். 'பதவி தருகிறோம், ஆனால் அந்தப் பதவியில் நீர் வேலை செய்யவில்லையே, நிலுவை இல்லை' என்பார்கள். வேலை செய்ய அணியமாயிருந்தவரைத் தடுத்து வைத்தது நீங்கள். அவரிடமே 'வேலையில்லையேல் ஊதியமில்லை' என்று சொல்வது பொதுவாகச் செல்லாது என்று 1991இல் ஜானகிராமன் வழக்கில் உச்சநீதிமன்றம் சொல்லியாயிற்று. சொல்லி முப்பதாண்டுக்கு மேலாகிறது. இன்னமும் அதே தீர்ப்பின் நகலைக் கையில் வைத்துக்கொண்டு ஊழியர்கள் நீதிமன்ற வாசலில் நிற்கிறார்கள்!

'கருவூலம் தாங்குமா?' என்பது கடைசிக் கேள்வி. தாங்காது என்றால் விதியை மாற்றிச் சட்டமன்றத்திலோ நாடாளுமன்றத்திலோ வெளிப்படையாகச் சொல்லட்டும், மக்கள் தீர்ப்பளிப்பார்கள். விதியை ஏட்டில் வைத்துக்கொண்டு, கேட்டவருக்குக் கொடுப்பது, கேட்காதவருக்கு மறைப்பது, கேட்டவர் களைத்துப் போகும்வரை வழக்காடுவது என்பது சிக்கனமன்று. ஆகவே நம் கோரிக்கை ஒன்றுதான்: ஒரு விதிக்கு உச்சநீதிமன்றம் பொருள் சொல்லிவிட்டால், குறிப்பிட்ட காலத்துக்குள் அந்த விதிக்குட்பட்ட ஒவ்வோர் ஊழியருக்கும், ஓய்வூதியருக்கும், வழக்குப் போட்டாரா என்று கேளாமல், துறையே கணக்கிட்டுக் கொடுக்க வேண்டும். இதை வருகிற மாநாட்டுத் தீர்மானங்களில் சேர்க்க வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன்.

அதுவரையில் நாம் செய்யக்கூடிய வேலை ஒன்று இருக்கிறது. 2024 அக்டோபர் 14 அன்றும் 2025 மே 20 அன்றும் மத்தியப் பணியாளர் துறை ஆணைகள் பிறப்பித்திருக்கிறது. ஜூன் 30, டிசம்பர் 31 ஆகிய நாள்களில் ஓய்வு பெற்ற மத்திய அரசு ஊழியர்களுக்கு ஓய்வூதியத்தை மட்டும் உயர்த்திக் கணக்கிடலாம் என்கின்றன அவை. பணிக்கொடை போன்றவற்றுக்குப் பொருந்தாதாம். குறைதான், ஆனால் கிடைப்பதையாவது பெற வேண்டுமல்லவா? எத்தனையோ முதியவர்களுக்கு இந்த ஆணை பிறந்த செய்தியே தெரியாது. கிளைத் தோழர்கள் தங்கள் தெருவிலுள்ள ஓய்வு பெற்ற ரயில்வே, தபால், வருமான வரித்துறைப் பெரியவர்களின் வீட்டுக்குச் செல்லுங்கள். ஓய்வூதியக் கொடுப்பாணையை வாங்கிப் பாருங்கள். ஓய்வு பெற்ற தேதி அந்த இரண்டில் ஒன்றாக இருந்து, 2023 மே முதல் தொகை திருத்தப்படாமல் இருந்தால், அவர் கடைசியாகப் பணியாற்றிய அலுவலகத்துக்கு அன்றைக்கே ஒரு மனு எழுதி, விரைவுத் தபாலில் அனுப்பி, ரசீதை அவர் கையில் கொடுத்துவிட்டு வாருங்கள். கணவரை இழந்து குடும்ப ஓய்வூதியம் பெறும் தாய்மார்களின் வீட்டுக்கு முதலில் போங்கள்.